தீர்ப்பு கையில இருக்கு, காசு இன்னும் வரேல்ல

வணக்கம் உறவுகளே. பின்னுக்கு ஓட்டோச் சத்தமும் ஹோர்ன் சத்தமும் கேட்கும், குறை நினைக்காதேங்கோ. கொழும்பு புதுக்கடையில, நீதிமன்றத்துக்கு வெளியில றோட்டுக்கரையில நிண்டுதான் கதைக்கிறன். உள்ளுக்குக் கமரா கொண்டுபோகேலாது. பெரியம்மா சட்டத்தரணியோட உள்ளுக்க நிக்கிறா. அவ வாறதுக்கிடையில சொல்லிப்போடோணும்.

என்ர கையில இருக்கிறது ஒரு தீர்ப்பின்ர உறுதிப்படுத்தின பிரதி. இந்தா, கிட்டக் காட்டுறன். கடைசிப் பக்கத்தில ஊதா முத்திரை, கையெழுத்து. மடிச்சு மடிச்சு நடுவில கிழியப் பார்த்தது, பெரியம்மா பின்பக்கத்தில செலோடேப் ஒட்டி வைச்சிருக்கிறா. அவ ஓய்வுபெற்ற ரீச்சர். அவவின்ர ஓய்வூதிய நிலுவையைத் திரும்பக் கணக்குப் பார்த்துக் குடுக்கச் சொல்லி, ரிட் மனுவில, அதாவது அரச அதிகாரி தன்ர கடமையைச் செய்யோணும் எண்டு கேட்டுப் போட்ட மனுவில, மேன்முறையீட்டு நீதிமன்றம் போட்ட கட்டளை இது. வழக்கில வெண்டது அவ. வெண்டு பதினாலு மாசம். ஒரு சதமும் வரேல்ல.

அது எந்த அலுவலகம் எண்டு நான் சொல்லமாட்டன். ஆனா அங்க நடந்ததைச் சொல்லோணும். முதல் தரம் போகேக்க கிளார்க் தம்பி பிரதியை வாங்கி, திகதி முத்திரை குத்தித் தந்தார். ரெண்டாந்தரம் போக, "சட்டப் பிரிவுக்கு அனுப்பியாச்சு" எண்டார். மூண்டாந்தரம், "மேலிடத்திலயிருந்து கடிதம் வரோணும் ரீச்சர்." பெரியம்மா சத்தம் போடேல்ல. "தம்பி, கோட் சொன்னதுக்கு மேல எந்த மேலிடம்?" எண்டு கேட்டா. அந்தப் பிள்ளை ஒண்டும் சொல்லேல்ல, அவிழ்த்த ஃபைல் நாடாவைத் திரும்பக் கட்டினார். அவரில பிழை இல்லை. கையெழுத்து வைக்கவேண்டிய ஆள் மூண்டாம் மாடியில இருக்கிறார். அவரை நாங்கள் ஒரு தரமும் காணேல்ல.

உறவுகளே, இது பெரியம்மாவுக்கு மட்டும் நடக்கிற விஷயமில்ல. 2024இல வீசா விண்ணப்ப வேலையை வெளிநாட்டு நிறுவனங்களிட்டக் குடுத்ததை எதிர்த்து சுமந்திரன், ரவூப் ஹக்கீம், சம்பிக்க ரணவக்க எண்ட அரசியல்வாதிகள் உயர் நீதிமன்றம் போனவை, ஞாபகம் இருக்கும். இந்தியாவில இருந்து பார்க்கிற ஆக்களுக்கு ஒண்டு சொல்லோணும், எங்கட உயர் நீதிமன்றம் எண்டுறது உங்கட உச்ச நீதிமன்றம் மாதிரி, அதுக்கு மேல நீதிமன்றம் இல்லை. ஆகஸ்ட் 2ஆம் திகதி அந்த நீதிமன்றம் இடைக்காலக் கட்டளை போட்டது: புது முறையை நிப்பாட்டு, பழைய முறையைத் திரும்பக் கொண்டுவா. ஆகஸ்ட் முடிஞ்சுது, செப்டெம்பரும் முடியப் போகுது, பழைய முறை வரேல்ல. செப்டெம்பர் 25, குடிவரவு குடியகல்வுக் கட்டுப்பாட்டாளர் நாயகமா இருந்த ஹர்ஷ இலுக்பிட்டியவை விளக்கமறியலில, அதாவது தீர்ப்புக்கு முதல் சிறைக்காவலில, வைக்கச் சொன்னது நீதிமன்றம். அந்தக் கிழமையே பழைய முறை திரும்பி வந்திட்டுது! ஏழு கிழமைக்கு மேலயா ஏலாமக் கிடந்த வேலை. பிறகு 2025 ஜூலையில, கட்டளையை மதிக்காத நீதிமன்ற அவமதிப்புக் குற்றத்தை ஒத்துக்கொண்ட அவருக்கு 2 வருஷச் சிறை.

அந்தச் செய்தியை வாசிச்ச அண்டைக்குத்தான் பெரியம்மா என்னைக் கூப்பிட்டு, "எனக்கும் அவமதிப்பு வழக்குப் போடேலுமோ?" எண்டு கேட்டா.

போடலாம். அரசியலமைப்பின்ர 105ஆம் உறுப்புரை உயர் நீதிமன்றத்துக்கும் மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கும் அந்த அதிகாரத்தைக் குடுத்திருக்கு. 2024இல 8ஆம் இலக்கச் சட்டம் எண்டு அவமதிப்புக்குத் தனிச் சட்டமும் வந்திருக்கு. ஆனா இதைக் கவனமாக் கேளுங்கோ. திணைக்களத்தைச் சிறையில போடேலாது, மனிசரைத்தான் போடலாம். அதால எந்த அதிகாரி, அவருக்குக் கட்டளை தெரியுமோ, தெரிஞ்சுகொண்டும் வேணுமெண்டு செய்யாம விட்டாரோ எண்டதைச் சந்தேகத்துக்கு இடமில்லாம நிறுவோணும். அதுக்குத்தான் அந்தத் திகதி முத்திரை. பதிவுத் தபால் துண்டு, நீங்கள் எழுதின கடிதத்தின்ர பிரதி, ஒண்டையும் எறியாதேங்கோ. "நாங்கள் மேன்முறையீடு செய்யப் போறம்" எண்டு சொன்னா, கட்டளையை நிப்பாட்டி வைக்கிற தடையுத்தரவு இருக்கோ எண்டு கேளுங்கோ. மேன்முறையீட்டு மனுவைப் போட்ட உடன கட்டளை தானா நிண்டுபோகாது.

எனக்கு மனசு ஆறாத விஷயம் ஒண்டு இருக்கு. இந்த நாட்டில நீதிமன்றத்தைப் பற்றிக் கதைச்சதுக்குச் சிறை போனவை இருக்கினம். அரசியல்வாதி எஸ்.பி. திசாநாயக்க 2004இல ஒரு பேச்சுக்காக 2 வருஷம். நடிகரும் அரசியல்வாதியுமான ரஞ்சன் ராமநாயக்க 2021இல, 2017இல சொன்ன கதைக்காக 4 வருஷம். கதைச்சதால எந்தப் பென்ஷன்காரியின்ர காசு நிண்டது? கட்டளையை மேசையில போட்டு வைச்சிருக்கிறதுதான் எனக்குப் பெரிய அவமதிப்பாத் தெரியுது. உள்ளூராட்சித் தேர்தலையே பாருங்கோ. தேர்தலுக்கு ஒதுக்கின காசைத் தடுக்கவேண்டாம் எண்டு 2023 மார்ச் 3 உயர் நீதிமன்றம் சொன்னது. தேர்தல் நடந்தது 2025 மே 6.

ஆரையும் உள்ளுக்குத் தள்ளோணும் எண்ட ஆசை எனக்கில்லை, பெரியம்மாவுக்குத் துண்டா இல்லை. அந்த அதிகாரி நாளைக்குக் கையெழுத்து வைச்சா வழக்கை முடிக்கலாம் எண்டுதான் அவவும் சொல்லுறா. ஆனா எழுபத்தொரு வயசில, வெண்ட வழக்குக்கே திரும்பவும் சட்டத்தரணிக்குக் காசு கட்டி, முழங்கால் நோவோட வெள்ளவத்தையில இருந்து பஸ் ஏறி வாறது அவதானே. முதல் வழக்குக்கு வித்தது ஒரு சோடிக் காப்பு. இதுக்குச் சங்கிலி அடைவில கிடக்குது.

இந்தா, வாறா. கொஞ்சம் பொறுங்கோ... என்ன பெரியம்மா? ஆ... அடுத்த மாசம் தவணையாம். அந்த மூண்டாம் மாடி ஆளை நேர வரச்சொல்லி அறிவித்தல் போகுதாம். பேர் போட்டு.

வெயில் ஏறுது, அவவுக்கு முதல்ல ஒரு தேத்தண்ணி வாங்கிக் குடுக்கோணும். தவணைக்குப் பிறகு வந்து சொல்லுறன்.