சண்டைக் காட்சியில் கேமரா நிற்கும் இடம்

நண்பர்களே, சண்டைப் படம் என்றால் நடிகரைப் பேசுவோம், ஸ்டண்ட் மாஸ்டரைப் பேசுவோம். இன்று ஓர் ஒளிப்பதிவாளரைப் பேசலாம். பெயர் நிஷிமோட்டோ தடாஷி, ஜப்பானியர். கலரும் அகலத்திரையும் கைவந்தவர் தேவைப்பட்டபோது, 1950-களின் பிற்பகுதியில் ஹாங்காங்கின் ஷா பிரதர்ஸ் ஸ்டுடியோ அவரை அழைத்தது. ஜப்பானோடு நடந்த போரின் காயம் ஆறாத காலம். அதனால் டைட்டிலில் ஹோ லான்-ஷான் என்று சீனப் பெயர் போட்டார்கள். கிங் ஹூ இயக்கிய 'கம் ட்ரிங்க் வித் மீ' (1966), புரூஸ் லீயே இயக்கிய 'வே ஆஃப் த டிராகன்' (1972) இரண்டுக்கும் அவர்தான் கேமரா.

'வே ஆஃப் த டிராகன்' படத்தில், ரோமின் கொலோசியத்தில் லீயும் சக் நோரிஸும் மோதும் காட்சியைப் பாருங்கள். பல ஷாட்களில் இருவரும் தலைமுதல் கால்வரை தெரிகிறார்கள். உயரத்தைப்போல் 2.35 மடங்கு அகலமான (2.35:1) திரையில் அதன் பிறகும் நடுவே இடம் மிஞ்சும். யார் கால் எட்டும், யார் கை எட்டாது என்று பார்வையாளர் அளந்துகொள்வது அந்த இடைவெளியில்தான். குளோசப்பாக வெட்டித் தள்ளினால் அது போய்விடும். இதுவே நிஷிமோட்டோவின் பெரிய பங்களிப்பு என்பேன்.

ஆனால் பக்கவாட்டு வைட் ஷாட்டில் ஏமாற்ற முடியாது. முகத்துக்கு ஒரு சாண் முன்னால் குத்து நின்றால் அது அப்படியே தெரியும். அதை மறைக்க, அடி வாங்குபவரின் தோளுக்குப் பின்னால், குத்து வரும் நேர்க்கோட்டில் கேமராவை வைத்து நீள லென்ஸ் (டெலிபோட்டோ) போடுவார்கள். இடைவெளி நசுங்கிவிடும். கேமரா ஓரடி விலகினாலும் குட்டு வெளிப்பட்டுவிடும்.

அடுத்தது வேகம். வினாடிக்கு 24 பிரேமுக்குப் பதில் 22-ல் எடுத்து, வழக்கம்போல் 24-ல் ஓட்டினால் அசைவின் வேகம் சுமார் 9 சதவீதம் கூடும், கண்ணுக்கு உறுத்தாது. 18-க்கு இறங்கினால் துணி படபடப்பதும் புழுதி விழுவதும் காட்டிக்கொடுக்கும். கை மங்கலாகத் தெரிகிறதென்று ஷட்டரின் திறப்பை 180 டிகிரியிலிருந்து 90 ஆக்கினால், ஒவ்வொரு பிரேமும் பாதி நேரமே ஒளி வாங்கும், அடி துல்லியமாகும்; ஆனால் ஒரு ஸ்டாப், அதாவது பாதி வெளிச்சம் போகும். ஈடுகட்ட லென்ஸின் துவாரத்தை (அபெர்ச்சர்) அகலத் திறந்தால் போகஸ் ஆழம் குறையும். நடிகர் அரை அடி முன்னால் பாய்ந்தாலே முகம் மங்கும். 1960-களின் நடுவில் ஈஸ்ட்மென் கலர் நெகடிவ் பிலிமின் ஒளி உணர்திறன் வெறும் 50 ஏ.எஸ்.ஏ. செட்டில் விளக்குகளைக் குவித்துத்தான் சமாளித்தார்கள். அந்தச் சூட்டில், கனத்த உடையில், நடிகர்கள் டேக் மேல் டேக் சண்டை போட்டார்கள்.

இந்தத் துறைக்கு வரும் இளைஞர்களுக்கு ஒரு வேண்டுகோள்: ஒத்திகை முடிந்தபின் லென்ஸ் தேடாதீர்கள். ஸ்டண்ட் மாஸ்டர் முதல் அடியைச் சொல்லிக்கொடுக்கும்போதே பக்கத்தில் நின்று, கேமரா எங்கே நிற்கும் என்று சொல்லிவிடுங்கள்; குத்தின் திசையை அவர் அதற்கேற்ப மாற்றிக்கொள்வார்.