கண்டங்கள் யார் சாவுக்கும் காத்திருக்கவில்லை

நடுவர் அவர்களே, எதிரணி நண்பர்களே, மின்விசிறி இல்லாத பந்தலிலும் அசையாமல் உட்கார்ந்திருக்கும் அவையோரே, வணக்கம்.

"அறிவியலில் பழைய கொள்கை வீழ்வது சான்றுகளாலா, தலைமுறை மாற்றத்தாலா?" இதுதான் வழக்கு. தலைமுறை மாற்றத்தால்தான் என்று எதிரணித் தலைவி பிரமாதமாக வாதாடினார். இயற்பியலாளர் மாக்ஸ் பிளாங்கைச் சாட்சிக்கு அழைத்தார். புதிய உண்மை எதிரிகளை மனம் மாற்றி வெல்வதில்லை, அவர்கள் இறந்துபோய் அடுத்த தலைமுறை வந்த பிறகுதான் வெல்கிறது என்று பிளாங்க் எழுதியது உண்மைதான். அப்புறம் ஜெர்மானிய அறிவியலாளர் ஆல்ஃபிரட் வெகனரைக் கொண்டுவந்தார். 1912-இல் வெகனர் கண்டங்கள் நகர்கின்றன என்றாராம், பெரியவர்கள் சிரித்தார்களாம், 1930-இல் அவர் கிரீன்லாந்துப் பனியில் இறந்தாராம், பெரியவர்களும் ஒவ்வொருவராகப் போய்ச் சேர்ந்த பிறகு 1960-களில் உலகம் ஏற்றுக்கொண்டதாம். உருக்கமாக இருந்தது. நானும் கைதட்டினேன். இப்போது அந்தக் கதையைக் கொஞ்சம் பிரித்துப் பார்ப்போம்.

வெகனர் கையில் நல்ல சரக்கு இருந்தது. தென் அமெரிக்கக் கரையும் ஆப்பிரிக்கக் கரையும் பொருந்துகின்றன. மெசோசாரஸ் என்று ஒரு சின்ன ஊர்வன, நீளம் ஒரு மீட்டர் அளவுதான். அதன் புதைபடிவம் பிரேசிலில் கிடைக்கிறது, தென்னாப்பிரிக்காவிலும் கிடைக்கிறது. அட்லாண்டிக்கை நீந்திக் கடக்கிற பிராணியா அது? குளோசாப்டெரிஸ் என்ற செடியின் இலைத் தடம் இந்தியா, ஆப்பிரிக்கா, ஆஸ்திரேலியா, அண்டார்க்டிகா எங்கும் இருக்கிறது. ஒடிசாவின் தால்சேரில் பனியாறு இழுத்துவந்து போட்ட பாறைகளை 1856-லேயே பார்த்துவிட்டார்கள். ஒடிசாவில் பனியாறு!

இல்லாதது என்ன? கண்டத்தைத் தள்ளும் விசை. பூமியின் சுழற்சியும் நிலவு, சூரியனின் ஈர்ப்பும் தள்ளுகின்றன என்றார் வெகனர். கேம்பிரிட்ஜின் புவி இயற்பியலாளர் ஹெரால்டு ஜெஃப்ரீஸ் கணக்குப் போட்டு, அந்த விசைகள் பக்கத்தில்கூட வராது என்று காட்டினார். அந்தக் கணக்கு இன்றைக்கும் சரி. கிரீன்லாந்து ஆண்டுக்குப் பல மீட்டர் நகர்கிறது என்று வெகனர் நம்பிய அளவீடும் பிழை. இன்று நாம் காண்பது சென்டிமீட்டர் கணக்கு. நடுவர் அவர்களே, விசையும் தப்பு, வேகமும் தப்பு என்று ஒரு வழக்கு உங்கள் முன் வந்தால் நீங்கள் என்ன தீர்ப்புச் சொல்லியிருப்பீர்கள்? எதிரணியினர் அதைப் பிடிவாதம் என்கிறார்கள். நான் அதைக் குறுக்கு விசாரணை என்கிறேன்.

சரி, கண்டங்கள் நகராது என்ற பழைய கொள்கை மட்டும் என்ன யோக்கியம்? அதுவும் தள்ளாடிக்கொண்டுதான் இருந்தது. இரு கரையிலும் ஒரே உயிரினம் இருந்தால், நடுவில் நிலப்பாலம் இருந்தது, பிறகு மூழ்கிவிட்டது என்பார்கள். மடகாஸ்கரையும் இந்தியாவையும் இணைக்க விலங்கியலாளர் ஸ்கிளேட்டர் 1864-இல் முன்வைத்த லெமூரியாவும் அந்த வகைதான். (பெயரைச் சொன்னதும் பின்வரிசையில் ஒரு சலசலப்பு. நம் இலக்கியம் சொல்லும் கடல்கோள் வேறு வழக்கு ஐயா, அதற்கு இன்னொரு பந்தல் போடுவோம்.) கண்டப் பாறை கடலடிப் பாறையைவிட இலேசானது, அது எப்படி மூழ்கும் என்ற கேள்விக்குப் பதில் இல்லை. ஆக, இரண்டு பக்கமும் ஓட்டை. அந்த நிலையில், தெரிந்த ஓட்டையோடு இருந்துவிடலாம் என்றுதான் பெரும்பாலோர் இருந்தார்கள்.

அப்புறம் கப்பல்கள் கிளம்பின. இங்கே கொஞ்சம் நிதானமாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் என் வழக்கின் உயிரே இதில் இருக்கிறது.

கடலுக்கடியில் நடுவே நீளமாக ஒரு மலைத்தொடர் ஓடுகிறது. அந்தக் கடல் நடு மலைத்தொடரில் உருகிய பாறை மேலே வந்து குளிர்கிறது. குளிரும்போது, அந்தக் காலத்துப் பூமியின் காந்தத் திசையைத் தன்னுள் பதித்துக்கொள்கிறது. பூமியின் காந்தப்புலமோ அவ்வப்போது வடக்குத் தெற்காகப் புரளும். கடலடி உண்மையிலேயே விரிகிறதென்றால், நடுவிலிருந்து மடித்தால் இரண்டு கரையும் பொருந்தும் வேட்டியைப் போல, மலைத்தொடரின் இரு பக்கமும் ஒரே வரிசையில் காந்தப் பட்டைகள் இருக்க வேண்டும். 1963-இல் வைன், மேத்யூஸ் என்ற இரு புவியியல் ஆய்வாளர்கள் சொன்னது இதைத்தான். அதற்கு அவர்கள் எடுத்த அளவீடு எந்தக் கடலில் தெரியுமா? நம் இந்தியப் பெருங்கடலில், கார்ல்ஸ்பெர்க் மலைத்தொடரில்.

சொன்னார்கள், ஆனால் யாரும் பெரிதாக அசையவில்லை. பிறகு எல்டானின் என்ற கப்பல் தென் பசிபிக் மலைத்தொடரைக் குறுக்கே கடந்து எடுத்த காந்த அளவீட்டு வரைபடம் நியூயார்க் பக்கத்தில் உள்ள லாமாண்ட் ஆய்வகத்துக்கு வந்தது. அங்கே ஆய்வாளர் வால்டர் பிட்மன் அதைப் பார்க்கிறார். இடப்பக்கம் எத்தனை மேடு பள்ளமோ, வலப்பக்கமும் அத்தனை. தாளைத் திருப்பிப் போட்டாலும் அதே கோடு. அந்தப் பட்டைகளின் காலவரிசை, நிலத்தில் எரிமலைப் பாறைகளை வைத்து வேறு ஆட்கள் வேறு முறையில் கணித்த வரிசையோடு பொருந்துகிறது. கடலடிச் சேற்றில் துளையிட்டு எடுத்த மாதிரிகளிலும் அதே வரிசை. ஒருவருக்கொருவர் சம்பந்தமில்லாத மூன்று சாட்சிகள், ஒரே வாக்குமூலம். நடந்தது 1966-இல்.

இதில் வேடிக்கை என்னவென்றால், லாமாண்ட் கண்ட நகர்வை நம்பாதவர்களின் கோட்டை. அதன் இயக்குநர் மாரிஸ் யூயிங்கே நம்பாதவர். எதிர்க்கட்சி அலுவலகத்திலிருந்தே நமக்கு ஆதாரம் வந்தது! அதே ஆய்வகத்தின் லின் சைக்ஸ், அணுகுண்டுச் சோதனைகளைக் கண்காணிக்க அமைத்த உலக நிலநடுக்கப் பதிவு வலையமைப்பை வைத்து, கடலடிப் பிளவுகள் எந்தப் பக்கம் நழுவுகின்றன என்று பார்த்தார். நம் கொடைக்கானலிலும் அந்த வலையமைப்பின் நிலையம் ஒன்று இருந்தது. பழைய கொள்கைப்படி ஒரு பக்கம் நழுவ வேண்டும், கடலடி விரிகிறதென்றால், கனடாவின் புவி இயற்பியலாளர் டூஸோ வில்சன் 1965-இல் சொன்னபடி, அதற்கு நேர் எதிர்ப்பக்கம். வில்சன் சொன்னபடிதான் நழுவியது.

அந்த வில்சன் யார்? 1908-இல் பிறந்தவர். 1950-களின் இறுதி வரை கண்ட நகர்வை எதிர்த்தவர். ஐம்பதை ஒட்டிய வயதில் கட்சி மாறி, அதன் முன்னணித் தளபதியானார். கடலடி விரிகிறது என்று 1962-இல் எழுதிய ஹாரி ஹெஸ்ஸுக்கும் அப்போது ஐம்பதைத் தாண்டிய வயது. "கிழவர்கள் மாறவே மாட்டார்கள்" என்று தலைவி சொன்னபோது இந்த இருவரையும் எங்கே ஒளித்துவைத்தார்?

சில இடங்களில் எதிரணிக்கு நான் தலைவணங்கத்தான் வேண்டும். கடல் நடு மலைத்தொடரின் உச்சியில், கண்ட நகர்வுக்குச் சாட்சியாகும் பிளவு ஓடுகிறது என்று லாமாண்டின் மேரி தார்ப் கண்டபோது, பெண்கள் பேச்சு என்று தள்ளினார் அவருடைய கூட்டாளி ஹீசன். வைன், மேத்யூஸ் சொன்னதையே தனியாகக் கண்டுபிடித்த லாரன்ஸ் மார்லியின் கட்டுரையை, விருந்தில் பேசத் தகுந்த விஷயம் என்று திருப்பி அனுப்பினார்கள். இதற்கெல்லாம் நான் வக்காலத்து வாங்கப் போவதில்லை. ஆனால் ஹீசனின் மனத்தை மாற்றியது எது? யாருடைய சாவும் இல்லை. அதே ஆய்வகத்தில் வேறொரு வேலைக்காகக் குறித்த நிலநடுக்கப் புள்ளிகள், தார்ப் வரைந்த பிளவின் மேலேயே வந்து வரிசையாக உட்கார்ந்தன.

வெண்குள்ள விண்மீனின் நிறைக்கு ஓர் உச்ச எல்லை உண்டு என்று சொன்ன இயற்பியலாளர் சந்திரசேகரை, வானியலாளர் எடிங்டன் 1935-இல் அவையில் கேலி செய்ததையும் சொன்னார்கள். நம் ஆள், வலிக்கத்தான் செய்கிறது. ஆனால் நீல்ஸ் போர், உல்ஃப்காங் பவுலி போன்ற இயற்பியலாளர்கள் அப்போதே தனிப்பட்ட முறையில் சந்திரா பக்கம் இருந்தார்கள். வெளியே வாய் திறக்கவில்லை. அது கோழைத்தனம் என்று வழக்குப் போடுங்கள், நானும் கையெழுத்திடுகிறேன்.

மணி அடித்துவிட்டார்கள், ஒரே நிமிடம். வெகனரை எதிர்த்த ஜெஃப்ரீஸ் எப்போது இறந்தார்? 1989-இல், 97 வயதில். கடைசி வரை அவர் ஏற்கவில்லை. தலைவியின் சட்டப்படி புவியியல் 1989 வரை காத்திருந்திருக்க வேண்டும். 1968-லேயே பெரும்பாலோர் கட்சி மாறிவிட்டார்கள். ஆகவே அடுத்துப் பேச வரும் எதிரணி நண்பர் ஒரு கேள்விக்குப் பதில் சொல்லிவிட்டுத் தொடங்கட்டும்: 1966-க்கும் 1968-க்கும் இடையே எத்தனை புவியியலாளர்கள் இறந்தார்கள்?

நன்றி, வணக்கம்.