கடையில் ஆக்டிவேட்டர் போட்டுக் கொடுத்த லேப்டாப்பை என்ன செய்வது?

அடுத்த கேள்வி அம்மாபேட்டையிலிருந்து ஒரு கல்லூரி மாணவர். பழைய லேப்டாப் ஒன்று வாங்கினாராம். விண்டோஸ், ஆபீஸ் இரண்டுக்கும் கேஎம்எஸ் ஆக்டிவேட்டர் போட்டுக் கொடுத்திருக்கிறார்கள். “ஆன்டிவைரஸ் அதை வைரஸ் என்கிறது. ‘அது சும்மா அப்படித்தான் காட்டும், ஆஃப் பண்ணிடு’ என்கிறார் கடைக்காரர். விட்டுவிடலாமா?”

விடாதீங்க தம்பி. கேஎம்எஸ் என்பது பெரிய கம்பெனிகளுக்காக மைக்ரோசாஃப்ட் வைத்திருக்கிற முறை. கம்பெனிக்குள் ஒரு சர்வர் இருக்கும். மற்ற கம்ப்யூட்டர்கள் அதனிடம் 180 நாளுக்கு அனுமதி வாங்கிப் புதுப்பித்துக்கொண்டே இருக்கும். ஆக்டிவேட்டர் அதே மாதிரி ஒரு போலி சர்வரைக் காட்டி, லைசன்ஸ் இருப்பதாக விண்டோஸை ஏமாற்றுகிறது. கடைக்காரர் சொல்வதில் பாதி உண்மை. ஆக்டிவேட்டர் என்றாலே ஆன்டிவைரஸ் கத்தும். ஆனால் அதோடு வேறு ஏதாவது ஒட்டிக்கொண்டு வந்திருந்தாலும் அதே கத்தல்தான், எது எதுவென்று அவருக்கும் தெரியாது. கேஎம்எஸ்பிகோ என்ற ஆக்டிவேட்டரின் பெயரில் சுற்றிய இன்ஸ்டாலருக்குள் கிரிப்ட்பாட் என்ற திருட்டு புரோகிராம் இருந்ததை 2021-ல் கண்டுபிடித்தார்கள். பிரவுசரில் சேமித்த பாஸ்வேர்டை எல்லாம் அள்ளிக்கொண்டு போகிற ஆசாமி அது.

செவ்வாய்ப்பேட்டையில் ஒரு கொலுசுப் பட்டறைக்குப் போயிருந்தேன். எடை, கூலி எழுதிய எக்செல் ஃபைல் ஒவ்வொன்றின் பெயருக்குப் பின்னாலும் புரியாத நாலு எழுத்து, எதுவும் திறக்கவில்லை. ஃபோல்டருக்கு ஃபோல்டர் பணம் கேட்டு ஒரு ரீட்மீ ஃபைல். முந்தின நாள்தான் பையன் ஏதோ கிராக், அதாவது பூட்டை உடைத்த திருட்டு சாஃப்ட்வேர், இறக்கியிருக்கிறான். பேக்கப் கிடையாது. வெள்ளியை மில்லிகிராம் சுத்தமாக நிறுக்கிற மனுஷன், துண்டுச் சீட்டுகளைப் பரப்பிவைத்து முதலிலிருந்து கணக்கெழுத உட்கார்ந்தார். தெரிந்தே திருட்டு சாஃப்ட்வேர் பயன்படுத்துவது பதிப்புரிமைச் சட்டம் 63பி பிரிவில் குற்றம் என்பது தனிக் கதை.

சரி, வழிக்கு வருவோம். ஆக்டிவேட்டரை மட்டும் நீக்கினால் போதாது, ஃபார்மட்தான். நோட்ஸ், போட்டோவை மட்டும் எடுத்துக்கொண்டு, வேறொரு நல்ல கம்ப்யூட்டரில் மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்தே விண்டோஸை இறக்கி, உங்கள் லேப்டாப்பில் போடுங்கள். இதில் ஒரு வேடிக்கை. விண்டோஸ் 10, 11 உடன் விற்ற பிராண்டட் லேப்டாப்பில் லைசன்ஸ் கீ பெரும்பாலும் மதர்போர்டிலேயே பதிந்திருக்கும். ஹோமோ புரோவோ, அதே எடிஷனைப் போட்டால் நெட் கிடைத்ததும் தானாக ஆக்டிவேட் ஆகிவிடும். ஹோம் லைசன்ஸ் உள்ள லேப்டாப்பில் புரோவைப் போட்டு, அதற்கு ஆக்டிவேட்டரும் போட்டிருப்பார்கள், நிறையப் பார்த்திருக்கிறேன்!

கீ இல்லையா? விண்டோஸுக்குப் பதில் லினக்ஸ் மின்ட் போடுங்கள், காசே வேண்டாம். ஆபீஸுக்கு லிப்ரே ஆபீஸ், மெனுவைத் தமிழிலும் வைத்துக்கொள்ளலாம். வேர்டுதான் வேண்டுமென்றால் மைக்ரோசாஃப்ட் கணக்கு வைத்து பிரவுசரிலேயே இலவசமாகத் திறக்கலாம்.

அப்புறம், ஃபார்மட் வரைக்கும் காத்திருக்காமல் மெயில், பேங்க் பாஸ்வேர்டுகளை இன்றைக்கே மாற்றிவிடுங்கள். அந்த லேப்டாப்பில் அல்ல, போனிலிருந்து.