ஒரு வாழ்க்கை, மூன்று திரை

[திரையில்: கருப்பு வெள்ளைச் செய்திப்படம். கோட்டும் தொப்பியுமாகக் கப்பலில் இருந்து பிரிட்டனில் இறங்கும் கரீபிய மக்கள்.]

இதை எடுத்தது யார்? இறங்கி வருகிறவர்களில் யாரும் இல்லை. கேமராவும் பின்னணிக் குரலும் பிரிட்டிஷ் செய்திப்படக்காரர்களுடையவை. திரைப்பட இயக்குநர் ஜான் அகோம்ஃப்ரா தேடிப் போவது இந்தப் பழைய சுருள்களைத்தான். பல இடங்களில் அந்தக் குரலை எடுத்துவிட்டு முகங்களை மட்டும் வைத்துக்கொள்வார். ஸ்டுவர்ட் ஹால் என்ற சிந்தனையாளரின் வாழ்க்கையை அவர் மூன்று திரைகளில் சொன்ன கதை இது.

[வரைபடம்: அக்ரா, லண்டன்]

1957இல் கானாவில் பிறந்தவர். 1966இல் ராணுவம் அதிபர் நிக்ருமாவின் ஆட்சியைக் கவிழ்த்தபோது அம்மாவின் உயிருக்கே ஆபத்து. குடும்பம் பிரிட்டன் போனது. 1982இல் நண்பர்களோடு பிளாக் ஆடியோ ஃபிலிம் கலெக்டிவ் என்ற படக் குழுவைத் தொடங்கினார்.

[திரையில்: 1985, பர்மிங்காம், ஹான்ட்ஸ்வொர்த்]

இங்கே கலவரம். டிவியில் எரியும் கடை, ஓடும் போலீஸ், திரும்பத் திரும்ப அதேதான். அடுத்த ஆண்டு இந்தக் குழு எடுத்த ‘ஹான்ட்ஸ்வொர்த் சாங்ஸ்’, அதற்குப் பக்கத்திலேயே குடியேறிய முந்தைய தலைமுறை வந்து இறங்கியதையும் வேலைக்குப் போனதையும் நடனமாடியதையும் கோத்தது. சல்மான் ருஷ்டிக்குப் படம் பிடிக்கவில்லை. பத்திரிகையில் காட்டமாக எழுதினார். அவருக்குப் பதில் எழுதியவர் ஸ்டுவர்ட் ஹால்.

[திரையில்: கிங்ஸ்டன், ஜமைக்கா]

ஹால் 1932இல் இங்கே பிறந்தார். வீட்டிலேயே அதிகக் கறுப்பு அவர்தான். ‘இந்தக் கூலிப் பிள்ளை எங்கிருந்து வந்தது’ என்று அக்காவே கேட்டாராம். கூலி என்றால் அங்கே, கரும்புத் தோட்டத்துக்கு இந்தியாவில் இருந்து கொண்டுபோகப்பட்டவர்களின் வம்சம். வீட்டுக்குள்ளேயே வெளியாள்! 1951இல் ஆக்ஸ்ஃபோர்டு போனார், அங்கும் வெளியாள்தான். பின்னாளில் பண்பாட்டு ஆய்வில் பெரிய பெயரானார். அடையாளம் என்பது முடிந்துபோன விஷயம் இல்லை, நடந்துகொண்டே இருக்கும் உரையாடல் என்றார்.

சரி, இதை எப்படிப் படமாக்குவது? அகோம்ஃப்ரா இரண்டு முறை செய்தார். 2012இல் ‘தி அன்ஃபினிஷ்ட் கான்வர்சேஷன்’, கலைக்கூடத்தில் மூன்று திரைகளில். 2013இல் ‘தி ஸ்டுவர்ட் ஹால் ப்ராஜெக்ட்’, தியேட்டருக்கான ஒற்றைத் திரைப் படம்.

[திரையில்: வெறும் மூன்று சட்டகங்கள், பக்கம் பக்கமாக]

ஒற்றைத் திரையில் ஒரு காட்சி போன பிறகுதான் அடுத்தது வரும். நாமும் முன்னது காரணம், பின்னது விளைவு என்று எடுத்துக்கொள்வோம். மூன்று திரையில் ஹால் பேசும்போதே பக்கத்தில் வேறொரு ஊர், வேறொரு ஆண்டு. எது பின்னணி, எது கதை என்று யாரும் சொல்லித் தருவதில்லை. ஒன்றைப் பார்த்தால் இன்னொன்று தவறும். ஹால் சொன்னதற்கு இதுதான் நெருக்கம் என்பேன்.

ஆனால் புரிய எளிது அந்த ஒற்றைத் திரைப் படம்தான். ஜாஸ் கலைஞர் மைல்ஸ் டேவிஸின் இசை வேறு கூடவே வரும். முதலில் அதைப் பாருங்கள். பெயர்களும் ஆண்டுகளும் பிடிபட்டுவிட்டால், அப்புறம் மூன்று திரைக்கு முன்னால் கண் எங்கே ஓடினாலும் கவலை இல்லை.