ஒரே ஈஸ்ட், நான்கு பெயர்கள்

அனைவருக்கும் வணக்கம்.

புற்றுநோய் வார்டில் இருக்கும் ஒருவரின் பிளட் கல்ச்சர் (இரத்தத்தில் கிருமி வளர்கிறதா என்று பார்க்கும் சோதனை) அறிக்கையில் 'கேண்டிடா குரூசி' என்று வந்தால் மருத்துவருக்குக் கவலை பிடித்துக்கொள்ளும். அதே உயிரை 'பிச்சியா குத்ரியாவ்சேவி' என்று எழுதிய குப்பியில் கொடுத்தால், ஒரு தொழிற்சாலை எஞ்சினியர் சந்தோஷமாக வாங்கிப் புளிக்கவைக்கும் தொட்டியில் விடுவார். இருவர் கையிலும் இருப்பது ஒரே ஈஸ்ட். இதைத்தான் இன்று பேச வந்திருக்கிறேன்.

கதை நமக்குப் பக்கத்தில்தான் தொடங்குகிறது. ஆல்டோ காஸ்டெல்லானி என்ற இத்தாலிய மருத்துவர் கொழும்பில் வேலை பார்த்த காலத்தில், 1910-ல், 'குரூசி' என்ற பெயரை வைத்தார். ஐம்பது ஆண்டு கழித்து ரஷ்ய ஆய்வாளர் குத்ரியாவ்சேவ் அதையே 'இசாட்செங்கியா ஓரியன்டாலிஸ்' என்று விவரித்தார். பிறகு அவர் பெயரிலேயே 'பிச்சியா குத்ரியாவ்சேவி' வந்தது. சீனாவில் கிளிசரின் தயாரிக்கப் பயன்படுத்தியவர்கள் 'கேண்டிடா கிளிசரினோஜீன்ஸ்' என்றார்கள்.

இத்தனை பெயர் ஏன்? ஈஸ்ட்டும் ஒரு பூஞ்சைதான். பூஞ்சைகளுக்குப் பெயர் வைப்பதில் ஒரு பழைய விதி இருந்தது: பாலினப் பெருக்கம் செய்யும் நிலைக்கு ஒரு பெயர், செய்யாத நிலைக்கு இன்னொரு பெயர். 2011-ல் மெல்போர்னில் நடந்த உலகத் தாவரவியல் மாநாட்டில்தான் அந்த விதியை எடுத்தார்கள். ஆனால் பழக்கம் போகவில்லை. டாக்டர்கள் ஒரு பெயரில் கட்டுரை தேடினார்கள், தொழில்துறையினர் இன்னொரு பெயரில் தேடினார்கள். ஒருவர் எழுதியது மற்றவர் கண்ணில் படவே இல்லை.

2018-ல் டப்ளின் பல்கலைக்கழகக் கல்லூரியில் கென்னத் உல்ஃப் குழுவினர் இவற்றின் மரபணுத் தொகுப்பு முழுவதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்கள். 99.6 சதவீதம் ஒன்றாக இருந்தது. நான்கும் ஒரே இனம். நோயாளியிடமிருந்து எடுத்தவை ஒரு கிளை, பழச்சாறிலும் மண்ணிலும் எடுத்தவை வேறு கிளை என்றும் பிரியவில்லை. மருந்தை எதிர்க்கும் குணமும் இரு பக்கமும் இருந்தது. என்னை உலுக்கியது இந்தக் கடைசிச் செய்திதான்.

ஃப்ளூகோனசோல் எல்லோரும் அறிந்த பூஞ்சை மாத்திரை. பூஞ்சையின் செல் சவ்வுக்கு எர்கோஸ்டெரால் என்ற கொழுப்பு வேண்டும். அதைச் செய்யும் நொதியைப் போய்ப் பிடித்துக்கொள்வது இந்த மருந்தின் வேலை. இந்த ஈஸ்ட்டின் நொதியில் மருந்து சரியாக ஒட்டுவதில்லை. போதாததற்கு, உள்ளே வந்த மருந்தை வெளியே தள்ளும் பம்புகளும் செல் சவ்வில் இருக்கின்றன. கவனியுங்கள், நாம் மருந்தைத் தப்பாகப் பயன்படுத்தியதால் வந்த எதிர்ப்பு அல்ல இது. பிறவிக் குணம்.

அதனால் என்ன ஆகும் என்பதை 1991-லேயே பார்த்தார்கள். அமெரிக்காவின் ஜான்ஸ் ஹாப்கின்ஸில், எலும்பு மஜ்ஜை மாற்று சிகிச்சை பெறுபவர்களுக்கும் வெள்ளையணுக்கள் குறைந்தவர்களுக்கும் முன்னெச்சரிக்கையாக ஃப்ளூகோனசோல் கொடுத்தார்கள். கேண்டிடா என்ற பொதுப் பெயரில் வரும் மற்ற ஈஸ்ட் இனங்கள் அடங்கின. காலியான இடத்தில் குரூசி வளர்ந்தது. மருந்து எடுத்தவர்களிடம் அந்தத் தொற்று சுமார் ஏழு மடங்கு அதிகம். காப்பாற்றக் கொடுத்த மருந்தே வழிவிட்டது. கேஸ்போஃபங்கின் போன்ற, எக்கினோகேண்டின் என்ற வேறு வகைப் பூஞ்சை மருந்துகளுக்கு இது பெரும்பாலும் கட்டுப்படும், ஆனால் அவற்றையும் எதிர்க்கும் வகைகள் தலைகாட்டியிருக்கின்றன. 2022-ல் உலக சுகாதார நிறுவனம் வெளியிட்ட 19 ஆபத்தான பூஞ்சைகளின் பட்டியலில் இதுவும் இருக்கிறது.

சரி, தொழிற்சாலைக்கு இது ஏன் பிடிக்கிறது? நல்ல புளிப்பிலும் சூட்டிலும் சாகாமல் வேலை செய்யும். பிளாஸ்டிக் போன்றவற்றுக்கு மூலப்பொருளான சக்சினிக் அமிலத்தைப் பாக்டீரியாவை வைத்துச் செய்தால், அமிலம் கூடக்கூட அது செத்துப்போகும். அதனால் காரம் சேர்த்துக்கொண்டே இருக்க வேண்டும், கடைசியில் உப்பைப் பிரிக்க வேண்டும். இந்த ஈஸ்ட்டுக்கு அந்தத் தொல்லை பெரும்பாலும் இல்லை. கழிவும் செலவும் குறைகிறது. பெட்ரோலை நம்பாத வேதித்தொழில் வேண்டும் என்று விரும்புகிறவன் நான், இதைச் சின்ன விஷயமாகத் தள்ள மாட்டேன்.

கோகோ விதைகள் புளிக்கும்போதும் இது இருக்கிறது. "அப்போ சாக்லேட் சாப்பிடலாமா?" என்று கேட்பீர்கள். தாராளமாகச் சாப்பிடலாம். கோகோ விதையை வறுக்கும் சூட்டில் ஈஸ்ட் பிழைக்காது. உடல் நலமாக இருப்பவருக்கு இது நோய் தருவதும் அபூர்வம். என் கவலை, எதிர்ப்புச் சக்தி இழந்து படுத்திருப்பவரைப் பற்றியது.

ஆகவே இரண்டு கோரிக்கைகள். தொழில்துறையினரே, ஒரு வகையைத் தேர்ந்தெடுக்கும் முன் அது எந்தெந்த மருந்துக்குக் கட்டுப்படுகிறது என்று சோதித்து, முடிவை வெளியிடுங்கள். நோய் தராத வேறு பிச்சியா இனம் அந்த வேலையைச் செய்யுமா என்றும் பாருங்கள். ஆய்வகத் தோழர்களே, அறிக்கையில் 'கேண்டிடா இனம்' என்று மட்டும் எழுதி முடித்துவிடாதீர்கள். எந்த இனம் என்று கண்டுபிடித்து, பழைய பெயர், புதிய பெயர் இரண்டையும் எழுதுங்கள். இரவு இரண்டு மணிக்கு அந்தத் தாளைப் பார்த்து மருந்து எழுதப்போகும் இளம் டாக்டருக்கு, 'பிச்சியா' என்றால் குரூசிதான் என்று அப்போது யாரும் பக்கத்தில் நின்று சொல்ல மாட்டார்கள்.