வாத்தியார் ஆண்ட நாடு

அவைத் தலைவர் அவர்களே, பெரியோர்களே,

தான்சானியாவை உருவாக்கிய ஜூலியஸ் நைரேரேவை அந்நாட்டு மக்கள் 'ம்வாலிமு' என்றே அழைத்தார்கள். சுவாஹிலி மொழியில் அதற்கு ஆசிரியர் என்று பொருள். அந்த விளியில் கலந்திருக்கும் மரியாதையையும் உரிமையையும் பார்த்தால், நம் ஊர் 'வாத்தியார்' என்ற சொல்லே அதற்கு நெருக்கமானதாகத் தோன்றுகிறது.

விக்டோரியா ஏரிக்குக் கிழக்கே உள்ள புட்டியாமாவில், ஜனாகி இனத் தலைவரின் மகனாக 1922இல் பிறந்தவர், பன்னிரண்டு வயதில்தான் பள்ளிக்கூடம் போனார். எடின்பரோவில் பட்டம் பெற்றுத் திரும்பி, புகு என்னும் ஊரில் பாடம் நடத்திக்கொண்டிருந்தபோதே 1954இல் நாட்டு விடுதலைக்காக டானு என்னும் கட்சியைத் தொடங்கினார். வேலையா, அரசியலா என்ற நெருக்கடி மறு ஆண்டே வந்தது, வேலையை விட்டார்.

பின்னாளில் சான்சிபாருடன் இணைந்து தான்சானியாவான டாங்கனிக்கா, 1961 டிசம்பர் 9 அன்று விடுதலை பெற்றது. அதன் முதல் பிரதமரான நைரேரே, ஆறு வாரங்கள் கழிந்ததும் கட்சியைச் சீர்படுத்தப் போகிறேன் என்று பதவியைத் துறந்தார். 1962 முடிவதற்குள் அதிபராகத் திரும்பினார் என்பது வேறு. அதிபராக இருந்துகொண்டே ஷேக்ஸ்பியரின் ஜூலியஸ் சீசர் நாடகத்தைச் சுவாஹிலியில் பெயர்த்து வெளியிட்டார். ஆட்சித் தலைவனைக் குத்திக் கொல்லும் கதையை, அதே ஜூலியஸ் என்னும் பெயருடைய ஆட்சித் தலைவரே மொழிபெயர்த்ததை எண்ணினால் எனக்கு இன்றும் வியப்பாக இருக்கிறது.

1966இல் கட்டாய தேசிய சேவையை எதிர்த்து ஊர்வலம் வந்த பல்கலைக்கழக மாணவர்கள், தலைவர்களின் கொழுத்த சம்பளத்தையும் சுட்டிக்காட்டினார்கள். அவர் கடுங்கோபம் கொண்டு அவர்களை வீட்டுக்கு அனுப்பினார். ஆனால் அவர்கள் சொன்னதில் இருந்த நியாயம் தைத்திருக்க வேண்டும், தம் சம்பளத்தையும் இருபது விழுக்காடு குறைத்துக்கொண்டார். அவருடைய குணம் முழுவதும் இந்த ஒரு நிகழ்ச்சியில் அடங்கிவிடுகிறது என்பேன்.

வாத்தியாரிடம் பிரம்பும் இருந்தது. விசாரணையின்றிச் சிறை வைக்கும் சட்டம் அவருடையது. ஒரு கட்சி ஆட்சியும் அவருடையது. 'உஜாமா' என்ற கூட்டு வாழ்க்கையை 1967இல் அருஷாவில் பிரகடனம் செய்தபோது அது அழைப்பாக இருந்தது. எழுபதுகளில், தனித்தனியே சிதறி வாழ்ந்த இலட்சக்கணக்கான உழவர்களைப் புதிய கிராமங்களுக்குக் குடிபெயர்த்தபோது பல இடங்களில் அது வற்புறுத்தலாக மாறியது. விளைச்சலும் சரிந்தது.

ஆயினும், பிரகடனம் வெளியாகிப் பத்தாண்டு நிறைந்தபோது, நாடு சோஷலிசத்தையும் எட்டவில்லை, தன் காலிலும் நிற்கவில்லை என்று வெளிப்படையாக எழுதியவரும் அவர்தான். தம் விடைத்தாளைத் தாமே திருத்தி, மதிப்பெண்ணைக் குறைத்தே போட்டார். 1985இல் பதவியை அலி ஹசன் ம்வின்யியிடம் ஒப்படைத்துவிட்டுப் புட்டியாமாவுக்குத் திரும்பி, பயிர் செய்யத் தொடங்கினார்.