கடிக்கிற மீன் போட்ட காசு

இன்று நாம் பார்க்கப் போகிற 'லோன் ஸ்டார்' படத்தை எழுதி இயக்கிய அமெரிக்கர் ஜான் செயில்ஸ். அவரைப் பற்றிப் பேசுகிறவர்கள் பெரும்பாலும் ஆஸ்கர் பரிந்துரை வரை போன அவருடைய திரைக்கதைகளில் ஆரம்பிப்பார்கள். நான் மீனில் ஆரம்பிக்கிறேன்.

1978-இல், மலிவுப் படங்களுக்குப் பேர்போன தயாரிப்பாளர் ரோஜர் கோர்மன் கம்பெனிக்காக அவர் எழுதிய படம் 'பிரானா'. ஆளைத் தின்னும் மீன் கதை. இந்த மாதிரிக் கதையில் ஒரு சிக்கல் உண்டு. ஆற்றில் மீன் இருக்கிறது என்று தெரிந்த பிறகு எவன் தண்ணீரில் இறங்குவான்? இவர் கதையில் மீன் ஆற்றோடு கீழே போய்க்கொண்டே இருக்கிறது, கீழே பிள்ளைகளின் கோடை முகாம், அதற்கும் கீழே புதிதாகத் திறக்கிற உல்லாச விடுதி, எச்சரிக்கப் போகிறவர்களுக்கும் மீனுக்கும் ஓட்டப்பந்தயம். அந்த மீனை வளர்த்தது யார் தெரியுமா? வியட்நாம் ஆறுகளில் விடுவதற்காக அமெரிக்க ராணுவம்! மலிவுப் படத்துக்குள் அரசியலை எப்படி நைசாக நுழைக்கிறார் பாருங்கள்.

இப்படி எழுதிச் சம்பாதித்ததைப் போட்டுத்தான் 1980-இல் வெளிவந்த தன் முதல் படத்தை எடுத்தார், 'ரிட்டர்ன் ஆஃப் த சீகாக்கஸ் செவன்'. செலவு சுமார் 60,000 டாலர். அந்தக் காசில் கேமராவை இஷ்டத்துக்கு நகர்த்த முடியுமா? அதனால் பழைய நண்பர்கள் கூட்டம் ஒன்றை ஒரே வீட்டில் கூட்டிப் பேசவிட்டார். ஒரு முகத்திலிருந்து இன்னொரு முகத்துக்கு வெட்டினால் போதும், படம் தானாக நகரும். எடிட்டிங்கும் அவரே, ஒரு வேடமும் போட்டார்.

அப்புறம் இதுவே வழக்கமாகிவிட்டது. முதலைப் படம், ஓநாய் மனிதப் படம் என்று மற்றவர்களுக்கு எழுதுவது, வந்த பணத்தைச் சொந்தப் படத்தில் போடுவது. மேற்கு வர்ஜீனியா சுரங்கத் தொழிலாளர்களின் 1920 வேலைநிறுத்தத்தை 'மேட்வான்' ஆக எடுத்தார், 'மென் வித் கன்ஸ்' படத்தைப் பெரும்பாலும் ஸ்பானிஷிலேயே எடுத்தார். எந்தத் தயாரிப்பாளர் இதற்கெல்லாம் காசு கொடுப்பார், சொல்லுங்கள்.

சரி, 1996-இல் வந்த 'லோன் ஸ்டார்'. டெக்சஸ் எல்லையூர் ஓட்டலில் ஒருவர் பழங்கதை சொல்கிறார். கேமரா மெல்ல மேசைக்கு இறங்குகிறது, ரொட்டிக் கூடை தெரிகிறது, நிமிர்ந்தால் 1957, மேசையில் மாமூல் வாங்க வந்த ஷெரிஃப். நடுவில் கட் கிடையாது. முதல் படத்தில் கேமராவை அசைக்க வழியில்லாமல் முகம் முகமாக வெட்டி ஒட்டிய அதே ஆள், இங்கே வெட்டாமல் கேமராவை அசைத்தே கிட்டத்தட்ட நாற்பது வருஷத்தைத் தாண்டுகிறார்.

இப்போது படத்தைப் போடப் போகிறோம். அந்தக் கூடை வரும்போது மட்டும் யாரும் செல்போனைப் பார்க்காதீர்கள்.